பதினான்கு கட்டைகளில் எண்ணெய்

எண்ணெய் விட்டது நான்தான். ஆயுத பூஜையன்று காலையில், பதினான்கு கட்டைகளில், ஒவ்வொன்றுக்கும் இரண்டு சொட்டு. நல்லது செய்வதாக நினைத்துத்தான் விட்டேன். எண்ணெய் விட்டது ஒரு பியானோவுக்கு. அதற்கடுத்து வந்த ஞாயிற்றுக்கிழமை, அந்தப் பியானோவின் சொந்தக்காரி மூன்று வருடங்களுக்குப் பிறகு முதல் தடவையாகச் சபையில் உட்கார்ந்து வாசிக்க இருந்தார்.

அப்போது நான் அந்த வீட்டுக்கு டிரைவர். கொடுமுடியில் எட்டாம் வகுப்பைப் பாதியில் விட்டுக் கிளம்பியவன். லாரியில் கிளீனர், ஈரோட்டில் சாயப்பட்டறை, காந்திபுரத்தில் ஒரு லாட்ஜில் அறை கூட்டுவது என்று இருந்துவிட்டு, சிங்காநல்லூர் பக்கம் ஒரு நூல் மில்லில் ஆயிலராகச் சேர்ந்தேன். ஆயிலர் என்றால் நீண்ட மூக்குள்ள எண்ணெய்க் கேனைப் பிடித்துக்கொண்டு ஷிப்ட் முழுவதும் மிஷின் மிஷினாக நடப்பவன். எங்கே கீச்சென்று சத்தம் வருகிறதோ அங்கே இரண்டு சொட்டு. எந்த இடத்திலும் இரண்டு வருடத்துக்கு மேல் நான் இருந்ததில்லை. தகராறு வந்தால் பையை எடுத்துக்கொண்டு முதலில் கிளம்புகிற பஸ்ஸில் ஏறிவிடுவேன். அதை வீரமென்றும் சொல்லமாட்டேன், கோழைத்தனமென்றும் சொல்லமாட்டேன். பழக்கம், அவ்வளவுதான்.

மில் கதவடைப்பில் போனது. பாதிப்பேரை அனுப்பிவிட்டார்கள். முதலாளி அதற்கு முன்பே இறந்திருந்தார். மில்லுக்குப் பின்னால் இருந்த பங்களாவில் அவருடைய மனைவியும் மகளும் மட்டும் இருந்தார்கள். லாரிக்காலத்தில் எடுத்த லைசென்ஸ் என்னிடம் இருந்ததால் அங்கே அம்பாசிடர் ஓட்டப் போனேன். மகளைத்தான் எல்லா இடத்துக்கும் கூட்டிப்போக வேண்டியிருந்தது. அவர்தான் பியானோக்காரர். அப்போது நாற்பதை ஒட்டிய வயது. டிரைவரைக்கூட வாங்க போங்க என்றுதான் பேசுவார்.

அவருடைய வாழ்க்கையை நான் காரின் முன் சீட்டிலிருந்து துண்டு துண்டாகக் கேட்டுத் தெரிந்துகொண்டேன். பள்ளிக்கூடத்தில் கன்னியாஸ்திரீ ஒருவர் சொல்லிக்கொடுத்து ஆரம்பித்தது. வால்பாறையிலிருந்து தன் நாட்டுக்குத் திரும்பிய ஒரு எஸ்டேட் துரையிடம் அப்பா அந்தப் பெரிய கறுப்புப் பியானோவை வாங்கினார். பதினேழு வயதில் லண்டனுக்குப் படிக்க அனுப்பினார். வீட்டில் தெலுங்கும் தமிழும், பள்ளியில் இங்கிலீஷ் என்று வளர்ந்தவர் அங்கே போய் நான்காவதாக ஜெர்மனும் பேசக் கற்றுக்கொண்டார். பதினைந்து வருடம் ஊர் ஊராக வாசித்தார். சேலை கட்டிக்கொண்டு மேடையில் உட்கார்ந்திருக்கும் படங்கள் ஒரு டிரங்குப் பெட்டி நிறைய இருந்தன. என்னைப் போலவே அவரும் பெட்டியோடு அலைந்தவர்தான். அவர் போகும் இடத்தில் ஆட்கள் காத்திருந்தார்கள் என்பதுதான் வித்தியாசம்.

பிறகு வலது கை கெட்டது. வலி இல்லை, வீக்கம் இல்லை. மோதிர விரலும் சுண்டு விரலும் வேகமாக வாசிக்கும்போது மட்டும் தாமாக உள்ளே மடங்கின. மெதுவாக வாசித்தால் ஒன்றுமில்லை. டாக்டர்கள் பலர் பார்த்தார்கள். மூன்று ஊர்களில் கச்சேரியை ரத்து செய்தார். நான்காவது ஊரில் மேடையில் பாதியில் எழுந்து உள்ளே போய்விட்டார். அதன் பிறகு கோயமுத்தூர் வந்து சேர்ந்தார். குழந்தைக்கு நடக்கக் கற்றுக்கொடுப்பதுபோல அந்த இரண்டு விரல்களுக்கும் ஆரம்பத்திலிருந்து சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார். காலை ஆறு மணிக்குப் பியானோ திறக்கும். பகல் பன்னிரண்டுக்கு மூடும். நான் காரைக் கழுவிக்கொண்டே கேட்பேன். சங்கீதம் எனக்குத் தெரியாது. ஆனால் மிஷின் சத்தம் கேட்டுப் பழகிய காது. ஒரே இடத்தில் தினமும் தடுக்கினால் எனக்குத் தெரிந்துவிடும்.

அப்படித் தடுக்கிய இடத்துக்கு நான் ஏணி என்று பெயர் வைத்திருந்தேன். பிற்பாடு கச்சேரிக்கு முதலில் வைத்துக்கொண்ட உருப்படியில் வலது கை கீழிருந்து விறுவிறுவென்று ஏறிப்போய் உச்சியில் ஒரு கட்டையை மூன்று தடவை அடிக்கும். அந்தக் கடைசி மூன்று அடியும் சுண்டு விரலுக்கு. ஒரு வருடமாக அந்த ஏணியில் ஏறி ஏறி விழுந்தவர், அந்த ஆவணியிலிருந்து விழாமல் ஏறினார்.

அதை நம்பித்தான் ஒரு கல்லூரி அரங்கத்தில் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலத்துக்குக் கச்சேரிக்கு ஒத்துக்கொண்டார். பம்பாயிலிருந்து சபாக்காரர் ஒருவர் கேட்க வருவதாக இருந்தது. காரில் போகும்போது ஒருநாள் அவராகவே சொன்னார்.

"இது ஒண்ணு ஒழுங்கா நடந்துட்டா மறுபடியும் போயிருவேனுங்க. நடக்கலீன்னா பியானோவை வித்துப்போட்டு அம்மாவுக்குத் துணையா இருந்துக்குவேன். இன்னொரு தடவை பாதியில எந்திரிச்சுப் போக என்னால ஆகாது."

கச்சேரிக்கு எட்டு நாள் முன்னால், சனிக்கிழமை, ஏதோ வேலையாக ரயிலில் சென்னை போனார். திங்கள் சரஸ்வதி பூஜை. அன்று சாயங்காலம் திரும்புவதாக ஏற்பாடு.

எங்கள் பக்கம் மில்லில் வேலை செய்தவர்களுக்கு ஆயுத பூஜைதான் பெரிய நோம்பி. மிஷினை எல்லாம் கழற்றித் துடைத்து, எண்ணெய் விட்டு, சந்தனம் குங்குமம் வைத்து, அவலும் பொரியும் படைத்தால்தான் மனசு ஆறும். அந்த வருடம் மில் பூட்டிக் கிடந்தது. பங்களாவில் துடைப்பதற்கு என்ன இருக்கிறது? காரைத் துடைத்தேன். தண்ணி மோட்டாரைத் துடைத்தேன். பெரியம்மா, அதாவது அவருடைய தாயார், கூடத்திலிருந்து கூப்பிட்டார்.

"ஏப்பா, அந்தப் பியானோவையும் துடைச்சு ஒரு பொட்டு வெச்சு உடு. அவ ஊட்ல இல்லாதப்பவே பூசையில வெச்சுப்போடலாம். இருந்தா ஒரு நாளைக்கு மூட உடமாட்டா."

மேலே துடைத்துப் பொட்டு வைத்திருந்தால் போதும். எனக்குப் போதவில்லை. போத்தனூரிலிருந்து டியூனர் வரும்போதெல்லாம் கூடமாட உதவி செய்தவன் நான். முன்பக்கத்துச் சட்டத்தைக் கழற்றினால் கட்டைகளும் சுத்தியல்களும் ஒரே தட்டாக மேஜை டிராயர்போல வெளியே வரும் என்று பார்த்து வைத்திருந்தேன். இழுத்தேன். உள்ளே தூசி. பிரஷ் போட்டுத் துடைத்தேன். ஐப்பசி ஈரத்தில் சில கட்டைகள் லேசாக முனகின. அசையும் இடமெல்லாம் சின்னச் சின்னப் பித்தளை ஊசிகள், அவற்றைச் சுற்றி நகம் அளவுக்குச் சிவப்புத் துணி. அதிகம் ஓடும் இடத்துக்குத்தான் எண்ணெய் வேண்டும். அவர் வலது கை அதிகம் ஓடும் இடம் எனக்குத் தெரியும். பதினான்கு கட்டைகள். மில்லிலிருந்து கொண்டுவந்த ஸ்பின்டில் எண்ணெய் இன்னும் கேனில் இருந்தது. தண்ணீர்போல மெல்லிசான நல்ல எண்ணெய். விட்டேன். முனகல் நின்றது. தட்டை உள்ளே தள்ளி மூடி, மேலே சந்தனமும் குங்குமமும் வைத்து, ஒரு சரம் பூவும் போட்டேன். பெரியம்மா பார்த்துவிட்டு, "மாப்பிள்ளை மாதிரி இருக்குது" என்றார்.

சாயங்காலம் ஸ்டேஷனிலிருந்து கூட்டிவந்தேன். அவர் நேராகக் கூடத்துக்குப் போனார். பூவை எடுத்துப் பக்கத்தில் வைத்தார்.

"தொடாத கண்ணு, பூசையில இருக்குது" என்றார் பெரியம்மா. "காத்தால மறுபூசை பண்ணி எடுத்துத் தாரேன்."

"மூணு நாளாத் தொடலைம்மா. விரல் மறந்துபோகும். பத்தே நிமிஷம்."

உட்கார்ந்து ஏணியை வாசித்தார். நடுவில் இரண்டு படி காணாமல் போயிற்று. நிறுத்தினார். மறுபடி வாசித்தார். இந்தத் தடவை வேறு ஒரு படி. மூன்றாவது தடவை உச்சிக்குப் போகவே இல்லை. பிறகு ஒவ்வொரு கட்டையாக மெதுவாக அழுத்திப் பார்த்தார். ஒவ்வொன்றும் ஒழுங்காகப் பேசியது. மெதுவாக அழுத்தினால் பேசுகிறது, வேகமாக வாசித்தால் விழுகிறது. அவர் கை கெட்டபோதும் இதே மாதிரிதான் கெட்டது. கையை மடியில் வைத்து விரல்களைப் பார்த்துக்கொண்டே இருந்தார்.

"நாந்தான் சொன்னனே. பூசையில வெச்சதத் தொட்டா என்னாகும்?" என்றார் பெரியம்மா. பயந்துபோய்ச் சொன்னார், கோபத்தில் அல்ல.

நான் வாசலில் பெட்டியோடு நின்றிருந்தேன். பியானோவைத் திறந்ததைச் சொல்லலாமா என்று ஒரு நிமிடம் தோன்றியது. கேட்காமல் கைவைத்ததற்குத் திட்டு விழும் என்று பேசாமல் இருந்துவிட்டேன். எண்ணெய்தான் காரணம் என்று அப்போது எனக்கு நினைப்பே இல்லை. எண்ணெய் விட்டால் மிஷின் நன்றாக ஓடும். அதுதானே நான் படித்த படிப்பு.

செவ்வாய்க்கிழமை மறுபூஜை ஆயிற்று. பெரியம்மா கற்பூரம் காட்டி, மகள் சார்பில் கன்னத்தில் போட்டுக்கொண்டார். வாசிப்பு முந்தின நாளைவிட மோசம். கட்டைகள் விறைப்பாக இருக்கின்றன போலும், எண்ணெய் போதவில்லை என்று நினைத்தேன். அவர் சாப்பிட்டுவிட்டுப் படுத்த நேரம் பார்த்து மறுபடியும் தட்டை இழுத்து அதே பதினான்கிலும் இன்னும் இரண்டு சொட்டு விட்டேன். இதை எழுதும்போதுகூடக் கை கூசுகிறது.

புதன்கிழமை அவர் பன்னிரண்டு மணிவரை வாசிக்கவில்லை. எட்டு மணிக்கே மூடிவிட்டார். பயம் வந்த கை கெடாத கட்டைகளிலும் தடுக்கியது. ஏணி இல்லாத இடங்களிலும் விழுந்தது.

"ஏனுங்க, சர்ச்சுல ஒரு பியானோ இருக்குதுங்களே. அங்க போய் ஒருக்கா வாசிச்சுப் பாக்கலாங்களா?" என்று கேட்டேன்.

"அதுலயும் வரலீன்னா?" என்றார். "இப்பவாச்சும் பியானோவா கையான்னு ஒரு சந்தேகம் இருக்குதுங்க. அந்தச் சந்தேகமாச்சும் இருக்கட்டும்."

டியூனர் சனிக்கிழமை அரங்கத்துக்கே வருவதாக ஏற்பாடு. டியூனரை முன்பே கூப்பிடவும் பியானோக்காரர் விடவில்லை. டியூனர் வந்து பார்த்துப் பியானோவில் ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டால் மிச்சமிருப்பது கை மட்டும்தான்.

வியாழக்கிழமை காலையில் அவர் கூடத்துக்கே வரவில்லை; நான் மூன்றாவது முறையாக எண்ணெய் விட்டேன். விட்டுவிட்டு வந்த சிறிது நேரத்தில் அவர் கூப்பிட்டார். கையில் ஒட்டாத கவர். பம்பாய்க்காரருக்கு எழுதியது. வரவேண்டாம், கச்சேரி இல்லை.

"காந்திபுரம் போய்க் கூரியர்ல போட்டுட்டு வந்துருங்க. நாளைக்கே கிடைக்கணும்னு சொல்லுங்க. அவரு டிக்கெட்டை ரத்து பண்ணோணும். வந்தப்புறம் காலேஜுக்கும் போன் பண்ணிர்றேன்."

முகத்தில் அழுகை இல்லை. பல் பிடுங்கிக்கொள்ள நாற்காலியில் உட்கார்ந்தவர் முகம்போல இருந்தது.

காந்திபுரத்தில் பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே ஒரு மாடியில் கூரியர் ஆபீஸ். அங்கே இருந்த அம்மா கவரை வாங்கி இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தார்.

"ஏனுங்ணா, பஜ்ஜி தின்னுபோட்டு வந்தீங்களா? கவரெல்லாம் எண்ணெய். வெலாசமே தெரியறதில்லீங்."

"பஜ்ஜி எல்லாம் இல்லீங்."

"அப்ப தலைக்கு வெச்சீங்களாக்கும். வேற கவர் வாங்கிட்டு வாங்ணா. இதுல எழுதுனா மையி ஊறிப்போகும்."

கவரைத் திருப்பி வாங்கிப் பார்த்தேன். என் கட்டைவிரல் பட்ட இடம். சிங்காநல்லூரில் கிளம்பும்போது ஒரு விரல் ரேகை அளவுதான் இருந்திருக்கும். இப்போது எட்டணாக் காசைவிடப் பெரிதாக விரிந்திருந்தது. உள்ளே இருந்த கடிதத்தையும் தொட்டுவிட்டது. காகிதம் எண்ணெயைக் குடித்து ஊறிப் பரவிக்கொண்டே இருந்தது.

சிவப்புத் துணி ஞாபகம் வந்தது.

மில்லில் ஆயிலருக்கு முதல் நாள் சொல்லிக்கொடுக்கும் பாடம், எங்கே எண்ணெய் விடவேண்டும் என்பதல்ல. எங்கே விடக்கூடாது என்பதுதான். இரும்பு இரும்பில் உரசும் இடத்தில் விடலாம். துணியோ கம்பளியோ தோலோ இருக்கும் இடத்தில் ஒரு சொட்டு பட்டாலும் அது ஊறி உப்பிவிடும், நூல் அங்கேயே சுற்றிக்கொள்ளும். அப்படி ஒரு சொட்டு சிந்தியதற்காக ஒருமுறை என்னை மேஸ்திரி எல்லார் முன்னாலும் மாடு மேய்க்கப் போகச் சொல்லியிருக்கிறார். அந்தப் பாடத்தைப் படித்தவன் பித்தளை ஊசியைப் பார்த்தேன், அதைச் சுற்றியிருந்த துணியைப் பார்க்கவில்லை. துணி எண்ணெயைக் குடித்து உப்பி ஊசியை இறுக்கிப் பிடித்திருக்கிறது. மெதுவாக அழுத்தினால் அசையும். வேகமாக அடித்தால் சுத்தியல் திரும்பி வர நேரமாகும். அவர் விரலில் ஒன்றுமே இல்லை.

மாடிப்படியில் இறங்கி ரோட்டில் நின்றேன். எதிரே ஈரோடு பஸ் கிளம்பத் தயாராக உறுமிக்கொண்டிருந்தது. கண்டக்டர் படியில் நின்று கூவிக்கொண்டிருந்தார். காரைச் சாவியோடு அங்கேயே விட்டுவிட்டு ஏறினால் முடிந்தது. கவரைக் கூரியரில் போட்டுவிட்டால் கச்சேரி நின்றுவிடும். பியானோ விற்றுப்போகும். வாங்கியவன் திறந்து பார்த்து, யாரோ எண்ணெய் விட்டிருக்கிறார்கள் என்பான். அப்போது நான் எங்கே இருப்பேனோ. பஸ் படியில் ஒரு காலை வைத்தேன். இது பொய்யில்லை. கண்டக்டர், "ஏறுங்ணா, உள்ள சீட்டு இருக்குது" என்றார். கையில் கவர் இருந்தது. அதைப் போட்டுவிட்டு ஏறுவதா, போடாமல் ஏறுவதா என்று முடிவு பண்ண முடியவில்லை. போடாமல் போனால் பம்பாய்க்காரர் வந்துவிடுவார், இங்கே கச்சேரி இருக்காது, அந்த அவமானமும் அவருக்குத்தான். போட்டால் என் கையாலேயே முடித்துவைத்த மாதிரி. பஸ் நகர்ந்தது. காலை எடுத்துக்கொண்டேன். மனசு மாறியதால் என்று சொல்ல மாட்டேன். முடிவு பண்ணுவதற்குள் பஸ் போய்விட்டது.

பங்களாவுக்குத் திரும்பியபோது தாயும் மகளும் கூடத்தில் இருந்தார்கள். போன் பக்கத்தில் கல்லூரி நம்பர் எழுதிய தாள். நான் கவரை மேஜைமேல் வைத்தேன்.

"போடலீங்களா?"

"இல்லீங்க. உங்க கைக்கு ஒண்ணுமில்லீங்க. நாந்தான் பியானோவுக்கு எண்ணெய் உட்டுப்போட்டேனுங்க."

அவருக்குப் புரியவில்லை. "என்ன உட்டீங்க?"

"ஸ்பின்டில் எண்ணெய்ங்க. பூசைக்குத் துடைக்கறப்ப. அப்புறம் செவ்வாக்கெழம. இன்னிக்குக் காத்தாலயும்."

பெரியம்மா எழுந்து நின்றுவிட்டார். "அடப் பாவி! நா மூணு நாளா அந்தச் சரசுவதி மேல பழியப் போட்டுட்டு இருக்கறேன். ஒரு வார்த்தை சொன்னியாடா நீ?"

மகள் என்னைத் திட்டவில்லை. அது பெரியம்மாவின் திட்டைவிடக் கஷ்டமாக இருந்தது. எழுந்து பியானோ முன்னால் போய் உட்கார்ந்து, "எந்தெந்தக் கட்டை, காட்டுங்க" என்றார். நான் ஒவ்வொன்றாகத் தொட்டுக் காட்டினேன். பதினான்கு. அவர் அந்தப் பதினான்கையும் விட்டுவிட்டு அதே ஏணியை இடது பக்கமாகக் கீழே தள்ளி வைத்து வாசித்தார். ஏறியது. உச்சியில் மட்டும் சுண்டு விரல் ஒரு அடியை விட்டது. திரும்ப வாசித்தார். அப்போதும் விட்டது.

"அது பயங்க" என்றார். எனக்குச் சொன்னாரா, தனக்கே சொல்லிக்கொண்டாரா தெரியவில்லை. பிறகு போனை எடுத்துப் போத்தனூருக்குப் பேசினார்.

டியூனர் ரயில்வேயில் இருந்து ரிட்டயரான ஆங்கிலோ இந்தியர்; சட்டைக்காரர் என்று எங்கள் பக்கம் சொல்வோம். ஸ்கூட்டரில் வந்து இறங்கினார். தட்டை இழுத்ததும் குனிந்து முகர்ந்து பார்த்தார்.

"யார் மேன் இந்த வேலை பார்த்தது? இது பியானோவா, இல்ல லேத்தா?"

"இவருதாங்க. எங்க மில்லு ஆயிலரு" என்றார் அவர்.

"ஓ, ஆயிலரா! அப்போ டயருக்குக் காத்து அடிச்சாச்சா?"

பெரியம்மாவுக்கே சிரிப்பு வந்துவிட்டது. எனக்கு வரவில்லை.

அன்று பிற்பகலும் வெள்ளிக்கிழமை முழுவதும் வேலை. கறை எடுக்கிற வெள்ளை பெட்ரோலில் ஒவ்வொரு பாகமாகக் கழுவி, ஊசியைப் பிடுங்கி, துணியை ஒற்றி ஒற்றிக் காயவைத்தோம். ஒன்பது தேறின. மிச்சம் ஐந்துக்கு, இடது கோடியில் அதிகம் வேலையில்லாத கட்டைகளின் பாகங்களைக் கழற்றி இங்கே மாட்டினார் டியூனர். கெட்டதை அங்கே போட்டார். "கீழே கோடியில இந்த அஞ்சை மட்டும் தொடாதீங்க மேடம். அது தூங்கும்" என்றார். கடைசி உருப்படிக்கு அந்தக் கீழ்க் கட்டைகள் வேண்டும். பியானோக்காரர் அந்த உருப்படியை எடுத்துவிட்டு வேறு ஒன்றை வைத்துக்கொண்டார். கிளம்பும்போது டியூனர், மற்ற எல்லாக் கட்டைகளையும் ஒவ்வொன்றாகப் பார்த்துவிட்டதாகவும் வேறெங்கும் எண்ணெய் இல்லை என்றும் எங்கள் எல்லாருக்கும் கேட்கும்படி சொன்னார்.

சனிக்கிழமை மில்லின் பழைய லோடுமேன்கள் எட்டுப்பேரோடு சேர்ந்து பியானோவின் காலைக் கழற்றி, பக்கவாட்டில் நிறுத்தி, மெத்தை சுற்றி டெம்போவில் ஏற்றிக் கல்லூரிக்குக் கொண்டுபோனோம். அரங்கத்தில் அவர் ஒத்திகை பார்த்தார். ஏணியின் எல்லாப் படியும் பேசியது. உச்சியில், அந்த மூன்று அடியில், ஒன்று விழுந்தது. பத்துத் தடவை வாசித்தால் ஏழு தடவை விழுந்தது. உச்சிக் கட்டைக்கு நான் எண்ணெய் விடவே இல்லை. அது அவருக்கும் தெரியும். நான் செய்ததை டியூனர் கழுவிவிட்டார். நான் செய்ததால் வந்த பயத்தை யாரும் கழுவ முடியவில்லை.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம். அரங்கம் முக்கால்வாசி நிறைந்திருந்தது. மில்காரக் குடும்பங்கள், சர்ச்சுக்காரர்கள், கல்லூரிப் பெண்கள். இரண்டாவது வரிசையில் பம்பாய்க்காரர். பெரியம்மா முதல் வரிசையில் உட்கார்ந்து கையை இறுக்கிக்கொண்டிருந்தார். நான் மேடையின் பக்கவாட்டில் திரைக்குப் பின்னால் நின்றேன். அவர் பட்டுச் சேலையில் வந்து என் பக்கத்தில் நின்றார். வலது கையை இடது கையால் பிடித்திருந்தார். சுண்டு விரல் உள்ளே மடங்கியிருந்ததை நான் பார்த்தேன்.

மேடையில் யாரோ அவரைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார்கள். லண்டன், அந்த விருது, இந்த நாடு என்று அடுக்கிக்கொண்டு போனார்கள். ஒவ்வொரு ஊர்ப்பேருக்கும் அவர் முகம் வெளுத்துக்கொண்டே வந்தது.

"ஏனுங்க" என்றேன்.

திரும்பிப் பார்த்தார்.

"இன்னொண்ணு சொல்லோணுங்க. அந்த மேல் கட்டை இருக்குதுல்லங்க, மூணு தரம் அடிப்பீங்களே. அதுலயும் உட்டேனுங்க. பயத்துல அன்னிக்குக் காட்டாம உட்டுட்டேன். டியூனர் கண்ணுக்குத் தப்பியிருக்கும். அது உழுந்தா உங்க கை இல்லீங்க. நானுங்க."

திட்டுவார் என்று நினைத்தேன். மேடையில் பேச்சு முடிந்து கைதட்டல் கேட்டது. "உங்ககிட்ட வந்து பேசிக்கறேன்" என்று சொல்லிவிட்டு மேடைக்குப் போனார்.

உட்கார்ந்தார். சேலையைச் சரி செய்தார். ஆரம்பித்தார். ஏணி வரும்வரை சுமார் ஆறு நிமிடம் என்று எனக்குக் கணக்கு. அந்த ஆறு நிமிடமும் நான் திரையின் ஓரத்தைப் பிடித்திருந்தேன், துணி கையில் ஈரமாகிவிட்டது. வலது கை கீழே போனது, ஏற ஆரம்பித்தது. முதல் படி, நடு, என்னுடைய பதினான்கும் ஒன்றொன்றாகப் பேசின. உச்சி. ஒன்று. இரண்டு. மூன்றாவது அடி கொஞ்சம் கம்மியாகக் கேட்டது. ஆனால் கேட்டது. அவர் நிற்கவில்லை, தோளைக்கூட அசைக்கவில்லை, அடுத்த பக்கத்துக்குப் போய்விட்டார். அதே உருப்படியில் ஏணி இன்னும் மூன்று தடவை வரும். இரண்டாவது தடவை ஒரு அடி விழுந்தது. எனக்குக் கேட்டது. டியூனருக்கும் கேட்டிருக்கும். வாசிப்பவர் முகத்தில் அது ஒரு குறையாகவே தெரியவில்லை. கெட்ட ரோட்டில் குழியைத் தாண்டிப்போகும் டிரைவர் மாதிரி தாண்டிப் போனார். மூன்றாவதும் நான்காவதும் சுத்தமாக வந்தன.

கடைசிவரை வாசித்தார். பாதியில் எழவில்லை. பம்பாய்க்காரர் முடிந்தவுடன் மேடைக்கு வந்து கை கொடுத்தார். பெரியம்மா மட்டும் எழுந்திருக்கவில்லை, சேலைத் தலைப்பால் முகத்தை மூடிக்கொண்டு உட்கார்ந்தே இருந்தார்.

மறுநாள் காலையில் லோடுமேன்கள் வந்ததும் பியானோவை டெம்போவில் ஏற்றினோம். பியானோக்காரரும் வந்திருந்தார். கயிறு கட்டிக்கொண்டிருந்தபோது என் பக்கத்தில் வந்து நின்றார்.

"அந்த மேல் கட்டையில நீங்க எண்ணெய் உடலீங்க" என்றார்.

கயிற்றை இழுத்துக்கொண்டே நின்றேன்.

"எல்லாக் கட்டையையும் பாத்தாச்சுன்னு டியூனர் சொன்னாருங்களே. நேத்து நீங்க சொன்னப்பவே தெரியுமுங்க."

"அப்புறம் ஏனுங்க ஒண்ணும் சொல்லலை?"

"சொல்லியிருந்தா உழுந்தது நானாயிருக்கும்" என்றார். பிறகு லோடுமேன்களைப் பார்த்து, "ஏனுங்ணா, ரெண்டு பேரு அக்கட்டால புடிங்க, அது சாயுது" என்று சத்தம் போட்டார்.

டெம்போவுக்குப் பின்னாலேயே அம்பாசிடரை ஓட்டிக்கொண்டு போனேன். வீட்டில் பியானோவை இறக்கி, காலை மாட்டி, கூடத்தில் அதன் இடத்தில் வைத்தோம். எட்டுப்பேரும் காப்பி குடித்துக்கொண்டிருந்தபோதே உள்ளே அவர் உட்கார்ந்துவிட்டார். ஏணி. மூன்றாவது அடி விழுந்தது. மறுபடி. விழுந்தது. மறுபடி. நான் எண்ணெய்க் கேனை எடுத்துப்போய், மில் கேட்டுக்கு உள்ளே வாட்ச்மேன் கையில் கொடுத்துவிட்டு வந்தேன்.